சோற்றை எந்தக் கணக்கில் எழுதுவது?

1920 செப்டம்பரில் சென்னை மாநகராட்சி மன்றம் ஒரு தீர்மானத்தை நிறைவேற்றியது. ஆயிரம் விளக்கு மாநகராட்சிப் பள்ளியில் படிக்கும் பிள்ளைகளுக்குச் சிற்றுண்டி தரலாம். ஆனால் ஒரு பிள்ளைக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மேல் செலவாகக் கூடாது. மன்றத்தின் தலைவராக அப்போது இருந்தவர், நீதிக்கட்சியைத் தொடங்கியவர்களுள் ஒருவரான பிட்டி தியாகராயர். இந்தப் பள்ளிக்கு வருகிறவர்கள் ஏழை வீட்டுப் பிள்ளைகள், அந்த ஏழ்மையால்தான் பள்ளியில் எண்ணிக்கை தேறவில்லை என்று மன்றத்தில் காரணம் சொல்லப்பட்டது.

திட்டம் மேலும் நான்கு பள்ளிகளுக்குப் போனது. 1922-23இல் அந்தப் பள்ளிகளில் 811 பேர் படித்தார்கள். 1924-25இல் 1,671 பேர். புதுப் பாடத்திட்டமோ புதுக் கட்டடமோ செய்த வேலையல்ல இது. ஓரணாச் சிற்றுண்டி செய்தது.

1925 ஏப்ரலில் அது நின்றுபோனது. தொடக்கக் கல்விக்கான நிதியிலிருந்து பிள்ளைகளின் சாப்பாட்டுக்குச் செலவழிக்க ஆங்கிலேய அரசு ஒப்பவில்லை. கரும்பலகையும் ஆசிரியர் சம்பளமும் கல்விச் செலவு. சோறு அப்படி அல்ல என்பது அரசின் கணக்கு. பிற்பாடு சில பள்ளிகளில் மிகவும் வறிய பிள்ளைகளுக்கு மட்டும் உணவு திரும்ப வந்தது. ஆனால் சோற்றை எந்தக் கணக்கில் எழுதுவது என்று அன்று எழுந்த கேள்வி, தமிழ்நாட்டுச் சமூகநலக் கொள்கையை நூறாண்டுகளாகத் தொடர்ந்து வந்திருக்கிறது.

அதே காலத்தில் தெற்கே, சேரன்மாதேவி குருகுலத்தில், பிள்ளைகளின் சாப்பாட்டை முன்வைத்தே இன்னொரு சண்டை நடந்தது. வ.வே.சு. ஐயர் நடத்திய அந்தக் குருகுலத்தில் பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப்பந்தி போடப்பட்டது. பொதுமக்கள் பணத்தில் நடக்கும் இடத்தில் இப்படி ஒரு பந்தியா என்று அப்போது காங்கிரசில் இருந்த பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் எதிர்த்தார்கள். காங்கிரசுக்குள் எழுந்த அந்தப் பிளவு தமிழக அரசியலின் போக்கையே மாற்றியது. பள்ளியில் சோறு போடுவது பசியாற்றுகிற வேலை மட்டுமல்ல என்பதற்கு இதைவிடப் பழைய சான்று தேட வேண்டியதில்லை. யார் பக்கத்தில் யார் உட்கார்வது, யார் சமைத்ததை யார் உண்பது என்ற கேள்விகளும் அந்தத் தட்டோடு சேர்ந்தே வந்தன.

அந்தச் சேரன்மாதேவிப் பக்கத்து ரயில்வே கேட் ஒன்றைப் பற்றித்தான் காமராசர் கதையும் சொல்லப்படுகிறது. கேட் மூடியிருக்க, காரை விட்டு இறங்கிய முதலமைச்சர், மாடு மேய்த்துக்கொண்டிருந்த சிறுவனிடம் ஏன் பள்ளிக்கூடம் போகவில்லை என்று கேட்டாராம். போனால் சோறு யார் போடுவார்கள் என்று அவன் திருப்பிக் கேட்டானாம். வாய்வழியாக வந்த கதைதான். ஆனாலும் 1950களின் கிராமப் பொருளாதாரம் முழுவதும் அந்தப் பதிலில் இருக்கிறது. மாடு மேய்க்கிற பையனுக்கு மாட்டுக்காரர் வீட்டில் கூழாவது கிடைக்கும். பள்ளிக்குப் போனால் அதுவும் இல்லை. கட்டணமே வாங்காத பள்ளிகூட அந்தக் குடும்பத்துக்கு ஒரு வேளைச் சோற்றை விலையாகக் கேட்டது.

1954இல் முதல்வரான காமராசர், ராஜாஜியின் அரைநேரக் கல்வித் திட்டத்தைக் கைவிட்டார். 1956இல், பாரதி பிறந்த எட்டயபுரத்தில், மதிய உணவுத் திட்டத்தைத் தொடங்கிவைத்தார். பணம் எங்கிருந்து வரும் என்று அதிகாரிகள் கேட்டார்கள். கல்வித் துறை இயக்குநராக இருந்த நெ.து. சுந்தரவடிவேலு ஊர்களை நம்பி இறங்கினார். ஊர்மக்கள் நெல், விறகு, காய்கறி, பாத்திரம் என்று கொடுத்தார்கள். பிறகு அரசு பெரும்பங்கை ஏற்றுக்கொண்டது. 1961 முதல் அமெரிக்கத் தொண்டு நிறுவனமான கேர் பால்பவுடரும் எண்ணெயும் தந்தது. இதில் ஒரு குறையும் இருந்தது. கொடுக்க வசதியுள்ள ஊரில் பிள்ளைகள் நன்றாகச் சாப்பிட்டார்கள். வறண்ட ஊரில், எங்கே சோறு மிகவும் தேவைப்பட்டதோ அங்கே, அடுப்பு எரிவது நிச்சயமில்லை. ஊரின் ஈகையை நம்பிய திட்டத்தில் ஊருக்கு ஊர் இருந்த ஏற்றத்தாழ்வும் சேர்ந்தே வந்தது.

அந்த நிலையை 1982 மாற்றியது. அப்போது முதலமைச்சராக இருந்த எம்.ஜி.ஆர்., சிறுவயதிலேயே தந்தையை இழந்து, வறுமையால் மூன்றாம் வகுப்போடு படிப்பை விட்டு நாடகக் கம்பெனிக்குப் போனவர். 1982 ஜூலை 1 அன்று திருச்சிக்கு அருகே பாப்பாக்குறிச்சியில் அவர் தொடங்கிய சத்துணவுத் திட்டம், இரண்டு வயதுக் குழந்தை முதல் ஒன்பது வயதுப் பிள்ளை வரை 60 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களைச் சேர்த்துக்கொண்டது. முதலில் கிராமங்களில், இரண்டரை மாதத்தில் நகரங்களில், 1984இல் பதினைந்து வயது வரை. மாநிலம் திவாலாகிவிடும், இது ஓட்டுக்கான சோறு என்று பொருளாதாரம் அறிந்தவர்கள் பலர் எழுதினார்கள். 1925இல் ஆங்கிலேய அரசு போட்ட அதே கணக்குத்தான்.

அவர்கள் கணக்கில் சில வரிகள் விடுபட்டிருந்தன. பால்வாடியில் தம்பிக்குச் சோறு கிடைக்கிறது என்றால், அவனைப் பார்த்துக்கொள்ள வீட்டில் நின்ற அக்கா பள்ளிக்குப் போகலாம். மூன்று பிள்ளைகள் பகலில் வெளியே சாப்பிட்டால், களையெடுக்கப் போகும் தாயின் கூலியில் அந்த அரிசிக்காசு மிஞ்சும். வசதியான வீட்டுக்கு அது பொருட்டே அல்ல. கூலிக்காரர் வீட்டில் வருமானத்தின் பெரும்பகுதி சோற்றுக்கே போவதால், அங்கே அது சம்பள உயர்வுக்குச் சமம். ஏழை யார் என்று யாரும் சான்றிதழ் கேட்கவும் வேண்டியதில்லை. வரிசையில் வந்து தட்டை நீட்டினால் போதும். வருமான ஏற்றத்தாழ்வைக் குறைக்க இவ்வளவு எளிய வழியை அரசுகள் அதிகம் கண்டுபிடித்ததில்லை.

இன்னொரு வரி வேலைவாய்ப்பு. ஒவ்வொரு மையத்திலும் ஓர் அமைப்பாளர், ஒரு சமையலர், ஓர் உதவியாளர். இன்று மையங்கள் 40,000க்கும் மேல். விதவைகளுக்கும் ஆதரவற்ற பெண்களுக்கும் முன்னுரிமை தரப்பட்டது. ஊரில் ஒதுங்கி வாழ்ந்த பெண்கள் சத்துணவு டீச்சராகவும் ஆயாவாகவும் மரியாதையோடு அழைக்கப்பட்டார்கள். 1989இல் கருணாநிதி ஆட்சி இரண்டு வாரத்துக்கு ஒரு முட்டை சேர்த்தது. 2010இல் வாரத்துக்கு ஐந்து முட்டை ஆனது. நாமக்கல் கோழிப்பண்ணைகளுக்கு அது நிலையான சந்தை. கட்சிகள் மாறியபோதும் யாரும் அடுப்பை அணைக்கவில்லை. அணைத்துவிட்டு ஓட்டுக் கேட்க முடியாது என்பதையும் அவர்கள் அறிந்திருந்தார்கள்.

2001 நவம்பர் 28 அன்று உச்ச நீதிமன்றம் எல்லா மாநிலங்களும் தொடக்கப்பள்ளிகளில் சமைத்த உணவு தர வேண்டும் என்று ஆணையிட்டது. அதுவரை பல மாநிலங்கள் பிள்ளைகளுக்குத் தானியத்தை அளந்து கொடுத்து அனுப்பிக்கொண்டிருந்தன. 2021இல் வெளியான ஓர் ஆய்வு, பள்ளி வயதில் மதிய உணவு சாப்பிட்ட பெண்கள் பிற்காலத்தில் பெற்ற குழந்தைகள் வயதுக்கேற்ற உயரத்தில் மேம்பட்டிருந்ததை இந்திய அளவிலான தரவுகளைக் கொண்டு காட்டியது. தாய் உண்ட சோறு பிள்ளையின் எலும்பில் சேர்ந்திருக்கிறது. ஆண்டுதோறும் போடும் பட்ஜெட்டில் இந்த வரவை எழுத இடமே கிடையாது.

துயரங்களையும் சொல்ல வேண்டும். 2004 ஜூலை 16 அன்று கும்பகோணத்தில் பள்ளிக்கூடத்துக் கூரைச் சமையலறையில் பற்றிய தீயில் 94 பிள்ளைகள் கருகினார்கள். பாதுகாப்பான சமையற்கூடம் ஆடம்பரமல்ல என்று புரிந்துகொள்ள அவ்வளவு உயிர்கள் போயின. 2018இல் திருப்பூர் மாவட்டம் திருமலைக்கவுண்டன்பாளையத்தில், பட்டியல் சாதியைச் சேர்ந்த பெண் சமைக்கக் கூடாது என்று சாதி இந்துக்கள் சிலர் தடுத்தார்கள். சேரன்மாதேவிக்குப் பிறகு ஏறக்குறைய ஒரு நூற்றாண்டு கடந்தும் பந்திச் சண்டை ஓயவில்லை. வேறொரு பிரிவினையும் வளர்ந்திருக்கிறது. வசதியுள்ளவர்கள் தனியார் பள்ளிகளுக்குப் போய்விட்டதால், அரசுப் பள்ளியின் பந்தியில் இன்று ஏழைகளின் பக்கத்தில் உட்கார்பவர்களும் பெரும்பாலும் ஏழைகள்தான். சத்துணவு பிள்ளைகளை வகுப்புக்குள் கொண்டுவந்தது. வகுப்புகளுக்கு இடையே விரிந்த தூரத்தைக் குறைப்பது அதனால் மட்டும் ஆகாது.

2022 செப்டம்பர் 15 அன்று மதுரையில் ஒரு மாநகராட்சிப் பள்ளியில் முதலமைச்சரின் காலை உணவுத் திட்டம் தொடங்கியது. முதல் கட்டத்தில் 1,545 பள்ளிகள். அடுத்த ஆண்டு எல்லா அரசுத் தொடக்கப்பள்ளிகளும். தியாகராயரின் தீர்மானம் மறுபடி நினைவுகூரப்பட்டது. நினைவுகூர்ந்தது நல்லது. ஆனால் மதிய உணவைத் தாங்கி நிற்கும் சத்துணவு ஊழியர்கள் தொகுப்பூதியத்தில் தொடங்கி, சிறப்புக் காலமுறை ஊதியத்துக்கு வந்து, முறையான காலமுறை ஊதியமும் ஓய்வூதியமும் கேட்டுத் தெருவில் இறங்கிப் போராடிவருகிறார்கள். பிள்ளைகளின் சோறு கல்விச் செலவுதான் என்று ஒப்புக்கொள்ள நமக்குப் பல பத்தாண்டுகள் ஆயின. அதைச் சமைக்கிற பெண்ணின் சம்பளமும் அந்தக் கணக்கில்தான் வரும் என்று ஒப்புக்கொள்ள இன்னொரு நூறாண்டு எடுத்துக்கொள்ளக் கூடாது.