இரண்டு கறுப்பு உடைகள்

‘பேட்மேன் ரிட்டர்ன்ஸ்’ படத்தின் தொடக்கப் பகுதியில் ஒரு காட்சி வரும். செலினா கைல் ஒரு பெரும் வணிகரின் அலுவலகத்தில் செயலராக வேலை பார்க்கிறாள். கூட்டத்தில் அவள் கருத்துச் சொல்ல வாயெடுத்தால் ஆண்கள் சிரிக்கிறார்கள். அவள் போடும் காபியை மட்டும் பாராட்டுகிறார்கள். முதலாளியின் மோசடியை அவள் கண்டுபிடித்துவிட, அவர் அவளைச் சன்னல் வழியே கீழே தள்ளிவிடுகிறார். பிழைத்து வீடு திரும்புகிற செலினா, இளஞ்சிவப்பு நிறத்தில் பொம்மைகளால் நிறைந்திருக்கும் தன் வீட்டை அடித்து நொறுக்குகிறாள். அலமாரியில் கிடந்த பளபளப்பான கறுப்பு மேலங்கியைக் கிழித்து, தையல் இயந்திரத்தின் முன் அமர்ந்து, தனக்கென்று ஒரு பூனை உடையைத் தைத்துக்கொள்கிறாள். 1992 ஜூனில் படம் வெளியானபோது பெரிதும் கொண்டாடப்பட்ட காட்சிகளில் இதுவும் ஒன்று.

அதற்கு முந்தைய ஆண்டு இன்னொரு பெண்ணும் வீட்டில் தயாரான பூனை உடையை அணிந்துகொண்டு, படத்தைத் தயாரித்த வார்னர் பிரதர்ஸ் ஸ்டூடியோவின் வளாகத்துக்குள் நுழைந்தார். அவர் பெயர் ஷான் யங். ‘பிளேட் ரன்னர்’ (1982) படத்தின் நாயகி. கேட்வுமன் வேடத்துக்குத் தன்னையும் பரிசீலிக்க வேண்டும் என்று இயக்குநர் டிம் பர்ட்டனிடம் நேரில் கேட்க வந்திருந்தார். சந்திக்க முடியவில்லை. பிறகு ஜோன் ரிவர்ஸின் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் அதே வேடத்தில் தோன்றித் தன் கோரிக்கையை ஊரறிய வைத்தார். திரையில் உடை தைத்துக்கொண்டவளுக்குக் கைதட்டினார்கள். ஸ்டூடியோ வாசலில் உடையணிந்து நின்றவர் பல ஆண்டுகளுக்கு நகைச்சுவைத் துணுக்கானார். இந்த இரண்டு கறுப்பு உடைகளுக்கும் இடையில் உள்ள தூரத்தைப் புரிந்துகொள்ள, அந்தப் படம் உருவான வரலாற்றுக்குள் போக வேண்டியிருக்கிறது.

முதல் படமான ‘பேட்மேன்’ 1989இல் வந்தது. அதன் நாயகனாக மைக்கேல் கீட்டனை அறிவித்தபோது, நகைச்சுவை நடிகருக்கு இந்த வேடமா என்று வார்னர் நிறுவனத்துக்குச் சுமார் 50,000 எதிர்ப்புக் கடிதங்கள் வந்தன. நிறுவனம் அசையவில்லை. அதே படத்தில் நாயகி விக்கி வேல் வேடத்துக்கு ஒப்பந்தமாகியிருந்தவர் ஷான் யங். படப்பிடிப்புக்கு முன் குதிரையேற்ற ஒத்திகையில் கீழே விழுந்து எலும்பு முறிந்தது. அவர் இடத்துக்குக் கிம் பேசிங்கர் வந்தார். படம் உலகெங்கும் 40 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. ஜோக்கராக நடித்த ஜாக் நிக்கல்சன் வசூலிலும் பொம்மை, சட்டை விற்பனையிலும் பங்கு பெறும்படி ஒப்பந்தம் போட்டிருந்தார். 5 கோடி டாலருக்கு மேல் அவருக்குக் கிடைத்தது என்று பத்திரிகைகள் எழுதின. வேலை செய்யப் போன இடத்தில் அடிபட்ட ஷான் யங்குக்குக் கைநழுவிய வாய்ப்பு எவ்வளவு பெரியது என்பதை இந்தப் பின்னணியில் பார்க்க வேண்டும். 1991இல் அவர் ஸ்டூடியோ வாசலுக்குப் போனது அந்த இழப்பின் தொடர்ச்சி. ‘பைத்தியக்காரத்தனம்’ என்று எழுதியவர்கள் அந்தத் தொடர்ச்சியைப் பொருட்படுத்தவில்லை.

இரண்டாம் படத்தில் பர்ட்டனுக்கு முதலில் ஆர்வம் இருக்கவில்லை. முதல் படத்தின் எழுத்தாளர் சாம் ஹாம், பெங்குவினும் கேட்வுமனும் சேர்ந்து புதையல் தேடும் கதை ஒன்றை எழுதிக் கொடுத்திருந்தார். பர்ட்டனுக்கு அது பிடிக்கவில்லை. கூடுதல் சுதந்திரம் தருவதாக நிறுவனம் ஒப்புக்கொண்ட பிறகே அவர் முன்வந்தார். அவரோடு சேர்ந்து தயாரிப்பாளரானவர் டெனிஸ் டி நோவி. பள்ளி மாணவிகளின் வன்மத்தைக் கருநகைச்சுவையாகச் சொன்ன ‘ஹெதர்ஸ்’ படத்தைத் தயாரித்தவர் அவர். அந்தப் படத்தை எழுதிய டேனியல் வாட்டர்ஸிடம் புதிய திரைக்கதை ஒப்படைக்கப்பட்டது. செலினாவை அலுவலகச் செயலராக்கியவர் வாட்டர்ஸ்.

இந்த மாற்றத்தின் எடையை உணர, கேட்வுமனின் பழைய வரலாற்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். 1940இல் பேட்மேன் காமிக்ஸின் முதல் இதழிலேயே நகை திருடியாக அறிமுகமானவள் அவள். 1954இல், காமிக்ஸ் சிறுவர்களைக் கெடுக்கிறது என்ற பிரச்சாரம் உச்சத்திலிருந்த காலத்தில், அச்சிலிருந்து காணாமல் போனாள். திரும்பி வந்தது 1966இல். அதற்கு வழிவகுத்தது அந்த ஆண்டு தொடங்கிய தொலைக்காட்சித் தொடர். அதிலும் வேடம் கைமாறிக்கொண்டே இருந்தது. முதல் இரு பருவங்களில் ஜூலி நியூமார், 1966இன் திரைப்படத்தில் லீ மெரிவெதர், மூன்றாம் பருவத்தில் எர்த்தா கிட். கறுப்பினப் பெண்ணான எர்த்தா கிட் வந்ததும், பேட்மேனுக்கும் கேட்வுமனுக்கும் இடையில் முன்பு இருந்த காதல் சீண்டல்கள் கதையிலிருந்து மறைந்தன. 1968 ஜனவரியில் வெள்ளை மாளிகை விருந்தொன்றில், அதிபரின் மனைவி முன்னிலையிலேயே, வியட்நாம் போருக்கு இளைஞர்களை அனுப்புவதைக் கண்டித்துப் பேசினார் அவர். அதன் பிறகு பல ஆண்டுகள் அமெரிக்காவில் அவருக்கு வேலை கிடைப்பது அரிதானது. சி.ஐ.ஏ. அவரைப் பற்றிக் கோப்பு தயாரித்திருந்த செய்தி 1975இல் வெளிவந்தது. கேட்வுமன் வாயாடலாம், சீறலாம். எர்த்தா கிட் பேசினால் அது குற்றம்.

1987இல் வெளியான ‘பேட்மேன்: இயர் ஒன்’ காமிக்ஸ் செலினாவைப் பாலியல் தொழிலாளியாகக் காட்டியது. அதோடு ஒப்பிட்டால் வாட்டர்ஸின் செலினா வேறோர் உலகத்திலிருந்து வருகிறாள். 1980களின் அமெரிக்க அலுவலகங்களில் தட்டச்சு செய்தும் கோப்பு அடுக்கியும் காபி கொடுத்தும் கழிந்த லட்சக்கணக்கான பெண்களின் உலகம் அது. அவளுடைய கோபத்துக்கு மாயமந்திரம் தேவைப்படவில்லை. சம்பளமும் அவமானமும் போதுமானவையாக இருந்தன.

இந்த வேடத்துக்கு முதலில் தேர்வானவர் அனெட் பெனிங். ‘தி கிரிஃப்டர்ஸ்’ (1990) படத்துக்காக ஆஸ்கர் பரிந்துரை பெற்றிருந்தவர். 1991இல் அவர் கருவுற்றார். படப்பிடிப்பு செப்டம்பரில் தொடங்கவிருந்தது. குழந்தை 1992 ஜனவரியில் பிறந்தது. உடலை இறுகப் பிடிக்கும் ரப்பர் உடையும் சாட்டையும் குட்டிக்கரணமும் கொண்ட வேடத்தில் அவரால் தொடர முடியவில்லை. அவர் இடத்துக்கு மிஷெல் ஃபைஃபர் வந்தார். திரைப்பட வரலாறுகள் இதை ஒரே வரியில் சொல்லிக் கடந்துவிடும்: ‘கர்ப்பத்தின் காரணமாகப் பெனிங் விலகினார்.’ அவர் இதைப் புகாராகச் சொல்லவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். ஆனால் ‘விலகினார்’ என்ற சொல்லை நாம் சற்று நின்று பார்க்கலாம். ஒரு படம் எவருடைய உடலை அளவுகோலாக வைத்து அட்டவணை போடுகிறது? எலும்பு முறியாத, வயிறு பெரிதாகாத, அறுபது எழுபது நாட்கள் ஒரே அளவில் நிற்கிற உடலை. அந்த அளவுகோலுக்குள் ஷான் யங்கும் அடங்கவில்லை, பெனிங்கும் அடங்கவில்லை.

ஃபைஃபர் சிறுவயதிலிருந்தே கேட்வுமன்மீது பித்தாக இருந்தவர். அவருடைய ஊதியம் 30 லட்சம் டாலர் என்றும், அது பெனிங்குக்குப் பேசப்பட்டதைவிட 20 லட்சம் அதிகம் என்றும் செய்திகள் வந்தன. கீட்டனுக்கு 1 கோடி டாலர் என்றன அதே செய்திகள். அந்த 30 லட்சத்துக்கு அவர் கொடுத்த உழைப்பு திரையில் தெரியாது. பல மாதங்கள் குத்துச்சண்டையும் சாட்டை வீச்சும் கற்றார். கடையில் பொம்மைகளின் தலைகளைச் சாட்டையால் வரிசையாகத் தட்டிவிடும் காட்சி, வெட்டே இல்லாமல் அவரே செய்தது. உடல் முழுக்கப் பவுடர் பூசி உள்ளே நுழைய வேண்டிய உடை, அடிக்கடி கிழிந்ததால் சுமார் 60 பிரதிகள் தயாராயின. அதற்குள் காது கேட்காது, மூச்சு முட்டும், கழிப்பறைக்குப் போவதே போராட்டம். தான் அணிந்தவற்றில் மிக அசௌகரியமான உடை அதுவே என்று பேட்டிகளில் சொன்னார். சுதந்திரத்தின் சின்னமாக ஒரு தலைமுறை கண்ட உடைக்குள் ஒரு பெண் அப்படித்தான் இருந்தார்.

நடிகர் தேர்வுக்குப் பொறுப்பு வகித்த மரியன் டோஹர்ட்டியைப் பற்றியும் பேச வேண்டும். 1950களில் நியூயார்க் தொலைக்காட்சி நாடகங்களுக்கு நடிகர்களைக் கண்டுபிடிக்கத் தொடங்கி, பின்னர் வார்னரின் துணைத் தலைவர் பொறுப்பு வரை வந்தவர். ஹாலிவுட்டில் பெரும்பாலும் பெண்களே செய்துவந்த வேலை இது. அதனாலேயே இது கலை என்று ஏற்கப்படாமல், ‘ஆள் பிடித்துக் கொடுப்பது’ என்றே நெடுங்காலம் கருதப்பட்டது. டோஹர்ட்டி 2011இல் இறந்தார். ஆஸ்கர் அவருக்குக் கிடைக்கவில்லை. இந்தத் துறைக்கான முதல் கௌரவ ஆஸ்கர் 2016இல் லின் ஸ்டால்மாஸ்டர் என்ற ஆணுக்குப் போனது. 2025இல் வெளியாகும் படங்களிலிருந்து நடிகர் தேர்வுக்குத் தனி விருது தரப்படும் என்று அகாடமி அறிவித்தது 2024இல்தான்.

‘பேட்மேன் ரிட்டர்ன்ஸ்’ 26 கோடி டாலருக்கு மேல் ஈட்டியது. ஆயினும் முதல் படத்தைவிடக் குறைவு. பெற்றோர்கள் வன்முறையையும் பாலியல் தொனியையும் கண்டித்தார்கள். சிறுவர் உணவுப் பொட்டலத்தோடு இந்தப் படத்தின் பொம்மைகளை விற்ற உணவகத் தொடரும் கண்டனத்துக்கு ஆளானது. அடுத்த படத்துக்கு இயக்குநர் மாற்றப்பட்டார். 1995இல் வந்த ‘பேட்மேன் ஃபார்எவர்’ படத்தில் கேட்வுமன் இல்லை. நாயகனைக் காதலிக்கும் உளவியலாளர் இருந்தார்.

படத்தின் கடைசிக் காட்சிக்கும் ஒரு கதை உண்டு. செலினா முதலாளியைக் கொன்று தானும் மறைந்துவிடுகிறாள். பேட்மேன் தரும் காதலையும் மாளிகையையும் அவள் ஏற்கவில்லை. ஆனால் அவள் உயிரோடிருப்பதாகக் காட்ட நிறுவனம் விரும்பியது. படம் முடிந்தபின் கூடுதலாக ஒரு காட்சி எடுத்துச் சேர்த்தார்கள். இரவு வானத்தின் கீழ் முதுகு காட்டி நிமிரும் அந்தப் பெண் ஃபைஃபர் அல்ல, பதிலி நடிகை. உடை இருந்தால் போதும், உள்ளே எவரும் இருக்கலாம் என்பதை அந்தப் படமே தன்னையறியாமல் சொல்லி முடிகிறது.

கேட்வுமனுக்கென்று தனிப்படம் எடுக்க வாட்டர்ஸ் 1995இல் திரைக்கதை எழுதிக் கொடுத்தார். அது படமாகவில்லை. 2004இல் வேறொரு கதையோடு, ஹேலி பெர்ரி நடிக்க வந்த படம் தோற்றது. அந்தத் தோல்வி எவ்வளவு காலம் பயன்படுத்தப்பட்டது என்பதைப் பாருங்கள். 2014இல் மார்வெலின் தலைவர் ஒருவர் எழுதி, பின்னர் கசிந்த மின்னஞ்சலில், பெண் நாயகிகளின் தோல்விகளாக ‘எலெக்ட்ரா’, ‘கேட்வுமன்’, ‘சூப்பர்கேர்ள்’ ஆகியவை பட்டியலிடப்பட்டிருந்தன. 1997இல் ‘பேட்மேன் அண்ட் ராபின்’ படுதோல்வி கண்டபோது, ஆண் நாயகர்கள் எடுபட மாட்டார்கள் என்று எவரும் முடிவுகட்டவில்லை. எட்டே ஆண்டுகளில் பேட்மேன் புதிதாகத் தொடங்கிவைக்கப்பட்டான்.

பெனிங்கின் கதையும் 1991உடன் முடியவில்லை. 1996இல் ‘மெல்ரோஸ் பிளேஸ்’ தொடரில் ஒப்பந்தமாகியிருந்த ஹன்டர் டைலோ கருவுற்றதால் நீக்கப்பட்டார். கவர்ச்சியான வேடத்துக்குக் கர்ப்பிணி பொருந்தமாட்டார் என்றது தயாரிப்புத் தரப்பு. அவர் வழக்குத் தொடுத்தார். 1997இல் ஜூரி அவருக்கு ஏறத்தாழ 49 லட்சம் டாலர் இழப்பீடு வழங்கியது. கர்ப்பத்தைக் காரணம் காட்டிப் பாகுபடுத்தக் கூடாது என்ற சட்டம் அமெரிக்காவில் 1978 முதலே இருந்தது. அது தங்களுக்கும் பொருந்தும் என்பதை ஹாலிவுட் ஒரு பெண்ணின் வழக்கிலிருந்துதான் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது.

2014இல் ‘அவெஞ்சர்ஸ்: ஏஜ் ஆஃப் அல்ட்ரான்’ படப்பிடிப்பின்போது ஸ்கார்லெட் ஜோஹன்சன் கர்ப்பமாக இருந்தார். பதிலி நடிகைகளையும் கணினி உத்திகளையும் வைத்து வேலை நடந்தது. அவர் வேடம் பறிபோகவில்லை. ஆனால் அந்தப் படத்தின் கதையில் அவருடைய பாத்திரம், பயிற்சிக் காலத்தில் தனக்குக் கட்டாயக் கருத்தடை செய்யப்பட்டதைச் சொல்லித் தன்னையும் ஓர் அரக்கியாகவே எண்ணிக்கொள்கிறது. கருவுற்ற பெண்ணைக்கொண்டு, கருவுற முடியாமை அரக்கத்தனத்தோடு ஒட்டிப்போகும் வசனத்தைப் பேசவைத்தார்கள். 2016இல் ‘வொண்டர் வுமன்’ படத்தின் கூடுதல் படப்பிடிப்பில் ஐந்து மாதக் கர்ப்பிணியான கேல் கடோட்டின் கவசத்தில் வயிற்றுப் பகுதியை வெட்டியெடுத்து, அங்கே பச்சைத் துணியைத் தைத்து, பிறகு கணினியில் வயிற்றை மறைத்தார்கள்.

இருபத்தைந்து ஆண்டுகளில் வந்த மாற்றம் இதுவே. அன்று பெண்ணை மாற்றினார்கள், இன்று உடையை வெட்டுகிறார்கள். இது சிறிய மாற்றம் என்று நான் சொல்லமாட்டேன். ஒரு பெண்ணின் வேலை நிலைக்கிறது என்பது எப்போதும் பெரிய விஷயம். ஆனாலும் இந்த வசதி படத்தின் முகமாகிவிட்ட நட்சத்திரங்களுக்கே முதலில் கிடைத்தது. அவர்களுக்காகத் தாவி விழும் பதிலிகளுக்கும், இரவு முழுக்க ரப்பர் உடையை ஒட்டிச் சரிசெய்யும் பெண்களுக்கும் கர்ப்பம் இன்னும் வேலையிழப்பாகவே இருக்கக்கூடும். அவர்களில் எவரும் வீட்டில் தைத்த உடையோடு ஸ்டூடியோ வாசலில் நின்று கேட்டால், அதைக் கேலியாக எழுதுவார்களா, உரிமைக் கோரிக்கையாக எழுதுவார்களா என்பது இன்னமும் முடிவாகாத கேள்விதான்.