கூரை மேல் நின்ற ஏரியல்

2019ஆம் ஆண்டு மலேசியத் தமிழ் வீடுகளை விட்டு இரண்டு பழைய துணைகள் போய்ச் சேர்ந்தன. ஆண்டுத் தொடக்கத்தில், 1924 முதல் வந்துகொண்டிருந்த ‘தமிழ் நேசன்’ நாளிதழ் நின்றது. பலர் மனம்விட்டு வருந்தினார்கள். அக்டோபர் 31ஆம் தேதியோடு நாடு முழுவதும் அனலாக் ஒளிபரப்பு அணைந்தது. கூரை மேல் நின்ற ஏரியலுக்கும் வேலை போனது. அதற்கு யாரும் இரங்கல் எழுதிப் பார்த்த நினைவில்லை எனக்கு.

மலேசியா பிறந்து மூன்றரை மாதத்தில், 1963 டிசம்பர் 28 அன்று, துங்கு அப்துல் ரஹ்மான் தொலைக்காட்சியைத் தொடக்கிவைத்தார். அம்பாங் சாலையில் அவர் பெயரில் இருந்த மண்டபமே நிலையம். படம் முதலில் எட்டியது கிள்ளான் பள்ளத்தாக்கை மட்டும். அலுமினியக் கொம்பு முதலில் முளைத்ததும் அங்குள்ள கூரைகளில்தான். 1969இல் நிலையம் பிரிக்பீல்ட்ஸுக்குப் பக்கத்திலேயே, அங்காசாபுரிக்கு வந்தது. 1978 டிசம்பரில் வண்ணம். இதற்கெல்லாம் ஆண்டுக்கு 24 வெள்ளி லைசன். 1999இல்தான் அந்தக் கட்டணம் ஒழிந்தது.

பொருளாகப் பார்த்தால் ஏரியல் ஒன்றுமில்லை. வயர் மாட்டிய ஒரு கோல், அதன் பின்னால் சற்றே நீளமான ஒன்று, முன்னால் குட்டையாகச் சில. அந்த அரசு நிலையமான ஆர்டிஎம்மின் வி.எச்.எஃப். அலைக்குக் கோல் முக்கால் மீட்டர் அளவாவது இருக்க வேண்டும், அலை நீளத்தில் ஏறக்குறையப் பாதி. 1920களில் ஜப்பானில் உடா, யாகி என்ற இருவர் கண்ட அமைப்பு இது. சொந்த நாடு அதைச் சீந்தவில்லை. 1942இல் சிங்கப்பூரைப் பிடித்த ஜப்பானியர், பிரிட்டிஷ்காரரின் ராடார் குறிப்பில் ‘யாகி’ என்று இருக்கக் கண்டு, அது என்னவென்று கைதியையே விசாரித்தார்களாம். உங்கள் ஊர்க்காரர் பெயர்தான் என்று பதில் வந்ததாம்.

ஆனால் வீட்டில் அது சும்மா நின்ற பொருள் இல்லை. மழைக்காற்று அடித்தால் திரும்பிக்கொள்ளும். கிள்ளான் பக்கத்துக் கடற்காற்றில் வயர் முனை பச்சை பூக்கும். அண்ணன் ஜிங்க் கூரையில், தங்கை வாசலில், அம்மா டிவி முன்னால்.

“இப்ப தெரியுதா?”

“இல்லலா, ஆளு ரெண்டு ரெண்டா தெரியுறாங்க!”

பக்கத்தில் உயரமான கட்டடம் இருந்தால் அலை அதில் பட்டு ஒரு நொடித் துணுக்கு தாமதமாக வந்து சேரும். அதுதான் அந்த இரண்டாவது ஆள். கோலாலம்பூர் உயர உயர அவரும் அடிக்கடி வந்தார்.

இத்தனை பாடும் எதற்கு? தமிழ்ச் செய்திக்கும், மலாய் எழுத்து கீழே ஓடும் தமிழ்ப் படத்துக்கும். கொடுக்கப்பட்டது சொற்பம்தான். அந்தச் சொற்பத்துக்காகத் தெருவே ஒரே நேரத்தில் உட்கார்ந்தது.

ஏரியலைக் கொன்றது டிஜிட்டல் என்கிறார்கள். நான் ஒப்பவில்லை. 1996இல் மீசாட் செயற்கைக்கோள் மேலே போய் ஆஸ்ட்ரோ கட்டணத் தொலைக்காட்சி வந்தபோதே உயிர் பிரிந்துவிட்டது. ‘வானவில்’ வந்தது, சன் டிவி வந்தது, சுவரில் தட்டு ஏறியது. தமிழ் நாள் முழுக்கக் கிடைத்தது, மாதக் கட்டணத்தோடு. மக்களைக் குறை சொல்ல முடியாது. பசித்தவர்கள் சோற்றுக் கடைக்குப் போனார்கள். குறை இலவச அலையில் தமிழுக்கு அளந்து ஊற்றியவர்கள் மேல்தான்.

2019இல் நடந்தது மரணச் சான்றிதழில் கையெழுத்து. ஜூலை 21 அன்று லங்காவியில் தொடங்கி, பகுதி பகுதியாக அணைத்தார்கள். காலியான 700 மெகாஹெர்ட்ஸ் அலைவரிசை கைப்பேசி இணையத்துக்கு ஒதுக்கப்பட்டது. புதிய ஒளிபரப்பு யு.எச்.எஃப்.பில் வருகிறது, அதற்குக் கோல் ஒரு சாண் போதும். வசதியற்ற குடும்பங்களுக்கு டிஜிட்டல் அலையைப் பிடிக்கும் பெட்டியை அரசே இலவசமாகக் கொடுத்தது. அதில் புள்ளி விழாது, ஆள் இரண்டாகத் தெரியாது. சிக்னல் குறைந்தால் படம் கட்டம் கட்டமாகச் சிதறும், இல்லையென்றால் அறவே வராது. தட்டிக் கொட்டிப் பார்க்க அதிகம் இடமில்லை.

உங்கள் கூரையில் பழைய கம்பம் இன்னும் நின்றால், துருப்பிடித்து அடுத்தவர் தலையில் விழுமுன் இறக்கிவிடுங்கள். அந்த இடத்தில் குட்டையான யு.எச்.எஃப். ஏரியல் ஒன்றை மாட்டுங்கள். டிவி2இன் தமிழ்ச் செய்திக்கு இன்றும் மாதக் கட்டணம் கிடையாது.