கை கற்ற கல்வி

மனிதன் கற்கும் கல்வி இருவகைப்படும். ஏட்டைப் படித்தும் பிறர் சொல்லக் கேட்டும் அறிவது ஒன்று. செய்து செய்து கையிற் படியவைப்பது மற்றொன்று. முன்னதை வினாத்தாளால் அளந்துவிடலாம். பின்னதை எவ்வாறு கற்பிப்பது, எவ்வாறு அளப்பது என்னும் வினா எளிதன்று. ஊவா மலைத்தோட்டங்களின் வரலாறு இவ்வினாவின் அருமையை நன்கு விளக்கும்.

பதுளையை அடுத்த மடுல்சீமையிலே 1869ஆம் ஆண்டு கோப்பிச் செடிகளில் இலைத்துரு நோய் காணப்பட்டது. அந்நோய் இலங்கைக் கோப்பியை அழித்தது. அதன் இடத்தைத் தேயிலை பெற்றது. தென்னிந்தியாவிலிருந்து வந்து மலைகளிற் குடியேறிய தொழிலாளரின் மருத்துவத் தேவைகளைக் கருதி 1872ஆம் ஆண்டில் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. ஊவா தனி மாகாணமானது 1886ஆம் ஆண்டிலாகும். ஆயினும் வைத்தியர் தொலைவில் இருந்தார். தோட்டத்து மருந்தகத்தில் நாள்தோறும் புண்ணைக் கழுவிக் கட்டியவர் டிஸ்பென்சர். லயத்திலே பிரசவம் பார்த்தவள் மருத்துவச்சி. இவர்களிடம் தொழிலாளர் நாடியது பட்டத்தை அன்று. தவறாத கையையே நாடினர்.

கைத்திறன் பயிலும் வழியைத் தோட்டம் அறியாததன்று. கவ்வாத்துக் கத்தியை முதன்முதற் பிடிக்கும் இளைஞன், மூத்தவன் வெட்டுவதைப் பார்த்தே பழகுகிறான். வெட்டு சரிவாக விழவேண்டும், பட்டை கிழியலாகாது. கிழிந்த கிளை பட்டுப்போகும். நன்கு வெட்டிய செடி தளிர்க்கும். சில மாதங்களில் செடியே அவன் தேர்ச்சிக்குச் சான்று கூறும்.

மருத்துவச்சியின் கையை இங்ஙனம் விளைவு கண்டு அளத்தல் ஆகாது. பழைய மருத்துவச்சி, வயிற்றைத் தொட்டே குழந்தை கிடக்கும் நிலையை உணரும் கையுடையவள். ஆனால் அதே கை தூய்மையற்ற கத்தியால் கொப்பூழ்க்கொடியை அறுத்தபோது, பிறந்த சில நாட்களிலே சிசுவை இசிவு நோய் கொண்டுபோயிற்று. அவள் கை தடுமாறவில்லை. கற்றதையே பிழையறச் செய்தது. கற்றதிலேதான் குறை இருந்தது. பழக்கம் நல்லதையும் உறுதியாக்கும், தீயதையும் உறுதியாக்கும். ஆகவே செய்கையோடு அதன் காரணமும் கற்பிக்கப்படல் வேண்டும்.

காரணத்தைக் கற்பவர் மொழியிலேயே உணர்த்தியதற்கு யாழ்ப்பாணத்து மானிப்பாய் ஒரு முன்மாதிரியாகும். அமெரிக்க வைத்தியரான சாமுவேல் கிறீன் 1848இல் அங்கே மருத்துவ வகுப்பைத் தொடங்கினார். 1864 முதல் தமிழிலேயே கற்பித்தார். பிரசவ மருத்துவம், இரணவைத்தியம், உடற்கூறு ஆகியவற்றுக்குத் தமிழ் நூல்கள் வெளிவரச் செய்தார். நூலோடு நோயாளியும் மாணவருக்குப் பாடமானார்.

கைத்திறனை அளக்கும் முறை பின்னரே செம்மையுற்றது. 1956இல் பெஞ்சமின் புளூம் என்பாரும் அவர் குழுவினரும் அறிவுக் கல்வியின் படிகளை வகுத்தனர். 1970இல் தவே என்னும் இந்தியக் கல்வியாளர் கைத்திறனுக்கு ஐந்து படிகள் கூறினார். பார்த்துச் செய்தல், சொன்னபடி செய்தல், பிழையறச் செய்தல், பல செய்கைகளை இசைத்தல், இயல்பாகவே செய்தல் என்பன அவை. கவ்வாத்துக்காரன் பெயரறியாமலே ஏறிய படிகள் இவையே.

1975இல் ஸ்கொட்லாந்தின் டண்டீ நகரில் ரொனால்ட் ஹார்டன் புதியதொரு பரீட்சையை அறிமுகப்படுத்தினார். மாணவர் பல நிலையங்களுக்கு முறையே சென்று, ஒவ்வொன்றிலும் ஒரு செய்கையைச் செய்துகாட்டுவர். கை கழுவியதா, கருவி தூயதா, நோயாளியிடம் பேசியது தகுமா எனத் தேர்வாளர் பட்டியல் கொண்டு குறிப்பார். அறிதல் வேறு, செய்துகாட்டல் வேறு, நாளாந்தம் செய்தல் வேறு என 1990இல் ஜோர்ஜ் மில்லர் தெளிவுபடுத்தினார். பரீட்சை மண்டபத்திற் கழுவிய கை, நள்ளிரவில் லயத்துக் காம்பராவிலும் கழுவுமா என்பதே இறுதித் தேர்வாகும்.

1990களின் நடுப்பகுதியிலிருந்து தோட்ட மருத்துவமனைகள் சிலவற்றை அரசு பொறுப்பேற்கத் தொடங்கியது. பதுளையில் தாதியர் கல்லூரியும் உண்டு. கட்டடமும் சான்றிதழும் வேண்டியனவே. எனினும், தேயிலைச் செடி தன்னை வெட்டியவனுடைய பிழையைத் தாங்கி மறுபடி தளிர்த்தாலும் தளிர்க்கும். சிசுவுக்கு அத்தகைய தவணை இல்லை. பயில்வோரின் கையை முன்னரே அருகிருந்து நோக்கித் திருத்துவதே ஆசிரியர் கடன். அந்த நோக்கலுக்குப் பின் இடப்படும் கையொப்பமே லயத்துத் தாய்க்குக் காவலாகும்.