பாட்டியின் பெயரில் ஒரு ராப்: அறிவும் சப்ரகமுவத் தோட்டங்களும்

ராப் பாடகருக்குப் பெற்றோர் வைத்த பெயர் பெரும்பாலும் போதுவதில்லை. பிரான்சின் மார்சேய் நகரில் 1989இல் உருவான ஐ.ஏ.எம். குழுவில் இத்தாலிய வம்சாவளி பிலிப் ஃப்ராஜியோன் 'அகெனாத்தோன்' ஆனார்; உடனிருந்தவர்கள் கெயோப்ஸ், இம்ஹோதெப். குடியேறிகளின் நகரத்துப் பையன்கள் பண்டை எகிப்திடம் இரவல் வாங்கிய கம்பீரம் அது. அரக்கோணத்து ராப் பாடகர் அறிவுக்கு இரவல் தேவைப்படவில்லை. 2024இல் வந்த தன் இசைத்தொகுப்புக்கு அவர் வைத்த பெயர் 'வள்ளியம்மா பேராண்டி'. வள்ளியம்மாள், இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் தமிழகம் திரும்பிய அவருடைய பாட்டி.

இந்தப் பேரன் வேடம் தொடக்கத்திலேயே அமைந்ததல்ல. 2018இல் இயக்குநர் பா. இரஞ்சித்தின் 'கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' இசைக்குழு மேடையிலும், 2019இல் இசையமைப்பாளர் ஆஃப்ரோவுடன் செய்த 'தெருக்குரல்' தொகுப்பிலும் கேட்டது அரசையும் சாதியையும் நேருக்கு நேர் கேள்வி கேட்ட இளைஞனின் குரல். 2021 மார்ச்சில் 'என்ஜாய் எஞ்சாமி' பாடல் வந்தபோது அக்குரல் ஒப்பாரியின் பக்கம் திரும்பியது. காணொளியில் வள்ளியம்மாளே தோன்றினார். அதே ஆண்டு ஆகஸ்டில் 'ரோலிங் ஸ்டோன்' இசை இதழின் இந்தியப் பதிப்பு அட்டையில் அப்பாடலை உடன் பாடிய தீ இருந்தார், அறிவு இல்லை. இரஞ்சித் வெளிப்படையாகக் கண்டித்த பிறகே அறிவுக்கு இணைய அட்டை கிடைத்தது. பாட்டியின் கதை ஊரெல்லாம் ஒலிக்க, அதை எழுதிய பேரன் விடுபட்டுப்போகிறான். இந்த முரண்தான் அவருடைய பொது ஆளுமையை உறுதிப்படுத்தியது என்பது இக்கட்டுரையின் வாதம்.

ஆனால் அறிவின் குரல் யாருடைய குரல்? 1964 அக்டோபர் 30இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இலங்கையின் இந்திய வம்சாவளி மலையகத் தமிழரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் ஒதுக்கியது. முடிவாகாத 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பங்கிட்டன. அறிவு பாடுவது முதல் கணக்கில் சேர்ந்தவர்களின் நினைவை.

இலங்கையிலேயே தங்கிய இரண்டாம் கணக்கினரைப் பார்க்க, சப்ரகமுவ மாகாணத்தின் எட்டியாந்தோட்டை, தெரணியகலை, இறக்குவானைப் பக்கம் போகவேண்டும். கேகாலையில் கொழுந்தோடு இறப்பரும் உண்டு. வெயில் ஏறினால் பால் ஓட்டம் குறையும் என்பதால் விடியலிலேயே பட்டையைச் சாய்வாகச் சீவி, சிரட்டையில் பால் வடியவிட்டு அடுத்த மரத்துக்கு நகர்கிறார்கள். நுவரெலியாவைப்போல் இங்கே தோட்டங்கள் நெருங்கித் தொடர்வதில்லை. சிங்களக் கிராமங்களுக்கிடையே சிதறிக்கிடக்கின்றன. பிள்ளைகளில் பலர் சிங்கள மொழிமூலம் படிக்கிறார்கள். பாட்டியின் ஒப்பாரி இங்கே கடல் கடக்கவில்லை. லயம் எனப்படும் தோட்ட வரிசை வீட்டிலேயே இருந்தும் பேரனின் காதுக்கு எட்டாமல் போகக்கூடும்.

எனவே 'வள்ளியம்மா பேராண்டி'யை மலையகத்தின் ஒட்டுமொத்தக் குரல் என்று கொண்டாடுவது அவசரம். தாயகம் திரும்பியோர் வம்சத்தின் சாட்சியமாக அது முதல் தரம். மலையகக் கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளை மலைநாட்டு மக்கள் பாடல்களைத் தொகுத்த வழியில், சப்ரகமுவ லயங்களின் பாடல்களையும் முதியோர் இருக்கும்போதே ஒலிப்பதிவு செய்யப் பல்கலைக்கழகத் தமிழ்த்துறைகள் முன்வர வேண்டும்.