நீரடி வெடிப்பு அலைகள்

நீருக்குள் நிகழும் வெடிப்பினால் நீர்ப்பரப்பில் எழுந்து வட்டமாகப் பரவும் அலைகள். வெடித்த கணத்தில் முந்திச் செல்லும் அதிர்ச்சி அலை கப்பலின் அடிப்பாகத்தைப் பிளக்க வல்லதேயன்றி, கடற்பரப்பை நெடுந்தூரம் அசைப்பதன்று. அதன் பின்னே விரியும் வாயுக்குமிழி நீரைத் தள்ளி மேற்பரப்பைப் பிளக்க, அங்கே தோன்றிய பள்ளம் மீண்டும் இடிந்து நிரம்பும்போதே கண்ணுக்குப் புலனாகும் அலைவரிசை பிறக்கிறது. வெடிப்பின் சக்தியில் சிறு பங்கே இவ்வலைகளைச் சேர்கிறது. வெடிமருந்து மேற்பரப்பை ஒட்டி, ஏறக்குறையப் பாதி மூழ்கிய நிலையில் இருக்கும்போது அலைகள் எதிர்பாராத உயரம் பெறுவதாகச் சில சோதனைகள் காட்டினும், பெரும் வெடிப்புகளுக்கும் இது பொருந்துமா என்பதில் அபிப்பிராயபேதம் உண்டு.

ஓரிடத்தில் கலக்கப்பட்ட நீர் எவ்வாறு அலையாகப் பரவும் என்னும் வினாவிற்குப் பிரெஞ்சுக் கணித மேதைகளான கோஷியும் புவாசோனும் 1815-ஆம் ஆண்டையொட்டித் தனித்தனியே விடை கண்டனர். கோஷியின் ஆராய்ச்சி 1827-இல்தான் அச்சேறிற்று. நெட்டலைகள் முந்த, குற்றலைகள் பின்தங்கும் என்பது இக்கணிதத்தின் சாரம்.

இரண்டாம் உலக யுத்தத்தின் இறுதியில் நியூசிலாந்தில் பேராசிரியர் தாமஸ் லீச், வெடிகளை வரிசையாக அமைத்துப் பேரலையை ஆயுதமாக்க முடியுமா என்று ஆயிரக்கணக்கான சிறு வெடிப்புகளால் சோதித்தார். முடியும் என்பது அவர் கருத்து. பிற்கால ஆராய்ச்சியாளர் பலர் அதனை ஐயத்துடனேயே நோக்கினர்.

இத்துறையின் மிகச் சிறந்த ஆதாரம், அமெரிக்கர் 1946 ஜூலை 25-ஆம் தேதி பசிபிக் சமுத்திரத்தின் பிக்கினி பவளத்தீவில் நடத்திய ‘பேக்கர்’ அணுச்சோதனையாகும். சுமார் 55 மீட்டர் ஆழமுள்ள காயலில், எல்.எஸ்.எம்-60 என்னும் கப்பலின் அடியில் 27 மீட்டர் ஆழத்தில் தொங்கவிடப்பட்ட குண்டு வெடித்தபோது, ஏறத்தாழ 600 மீட்டர் அகலமுள்ள நீர்த்தூண் வானளாவ எழுந்தது. அக்கப்பலில் அடையாளம் காணத்தக்க ஒரு துண்டும் பின்னர் அகப்படவில்லை. வெடித்த இடத்திலிருந்து 300 மீட்டரில் 29 மீட்டர் உயரமிருந்த அலை, 600 மீட்டரில் 14 மீட்டராகவும், 1,200 மீட்டரில் 7 மீட்டராகவும் தாழ்ந்தது; தூரம் இரட்டிக்க உயரம் பாதியாகும் இவ்வொழுங்கு, அத்தனை பெரிய குழப்பத்தின் நடுவே வியக்கத்தக்கதே. அலைவரிசை விலகிச் செல்லச்செல்ல, முதலலையின் தலைமை பின்னலைகளுக்குக் கைமாறிற்று. சுமார் ஆறு கிலோமீட்டர் தொலைவிலிருந்த பிக்கினித் தீவின் கரையில் ஐந்து மீட்டர் வரை உயர்ந்து உடைந்த அலைகள், கரையிறக்கப் படகுகளை மணலில் தூக்கியெறிந்து, அவற்றுள் மணலையும் நிரப்பிச் சென்றன. புகைப்படத்தில் நீர்த்தூணின் ஓரத்தே தெரியும் கரிய நிழல், மூழ்கிய போர்க்கப்பலான ‘ஆர்க்கன்ஸா’ செங்குத்தாக நிமிர்ந்த தோற்றமென்பர் சிலர். தூணில் விழுந்த வெறும் இடைவெளியே என்பர் வேறு சிலர்.

1955-இல் ஆழ்கடலில் ‘விக்வாம்’ சோதனையும், 1958-இல் வேறிரண்டும் நடந்தன. கண்டத்திட்டின் மேல் இவ்வலைகள் கரையை எட்டுமுன்பே உடைந்து சக்தியை இழக்கும் என்னும் விளைவு ஆராய்ச்சியாளர் வான் டோர்னின் பெயரால் வழங்குகிறது. இவ்வலைகளைப் பற்றி லே மேயோட்டேயும் வாங்கும் எழுதிய விரிவான நூல் 1996-இல் வெளிவந்தது. நீரடி அணுச்சோதனைகளை 1963-ஆம் ஆண்டின் ஒப்பந்தம் தடை செய்துள்ளது.