பள்ளிக்கூட வளையத்துக்கு அப்பால்
தீவகப் பெண்பிள்ளைகளும் வலைப்பந்தாட்டமும்

நூற்றாண்டு மலருக்கு விளையாட்டுப் பற்றி ஒரு கட்டுரை தரும்படி மலர்க்குழுவினர் எம்மைக் கேட்டபோது, நாம் முதலில் தேடியது பழைய குழுப் படங்களைத்தான். இடப்பெயர்வுகளில் பல தொலைந்துவிட்டன. எஞ்சியவை வெளிநாடுகளில் வாழும் சகோதரிகளின் அல்பங்களிலிருந்து வந்து சேர்ந்தன. நடுவே கதிரையில் அதிபரும் விளையாட்டுப் பொறுப்பாசிரியையும் இருக்க, பின்னால் இரட்டைப் பின்னலுடன் நிற்கும் வலைப்பந்தாட்டக் குழு. முன்னால் தரையில் ஒரு பந்து, அதில் சுண்ணாம்பால் எழுதிய ஆண்டு. எல்லாப் படங்களும் ஒரே மாதிரித்தான்.

அந்தப் படங்களிலுள்ள முகங்கள் ஒவ்வொன்றாக எமக்குத் தெரியும். ஆசிரியைகளாக, தாதியராக, எழுதுவினைஞர்களாக, தாய்மாராக, பேத்தி கண்டவர்களாக அவர்களை அறிவோம். ஆனால் “அந்தப் படம் எடுத்த பிறகு நீங்கள் எப்போதாவது பந்தைத் தொட்டீர்களா?” என்று கேட்டபோது, ஏறக்குறைய எல்லோரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புத்தான் இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டியது. எமது பாடசாலையின் விளையாட்டு வரலாறு பதினேழு, பதினெட்டு வயதில் முடிந்துபோன ஆட்டங்களின் வரலாறு. வெற்றிக் கிண்ணங்களை எண்ணுவதோடு இந்த உண்மையையும் நூற்றாண்டில் எழுதி வைப்பது நல்லதென எண்ணுகிறோம்.

விளையாட்டு வந்த வழி

வலைப்பந்தாட்டம் கூடைப்பந்தாட்டத்தின் தங்கை. 1891இல் ஐக்கிய அமெரிக்காவின் மசசூசெட்ஸ் மாநிலத்திலுள்ள ஸ்பிரிங்ஃபீல்ட் நகரில், பனிக்காலத்தில் மாணவர் உள்ளரங்கில் ஆடுவதற்கென ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்ற ஆசிரியர் கூடைப்பந்தாட்டத்தை உருவாக்கினார். பழக்கூடைகளை மாட்டி ஆடத் தொடங்கியதால் அந்தப் பெயர் வந்தது. சில ஆண்டுகளில் அது இங்கிலாந்தின் பெண்கள் உடற்கல்விக் கல்லூரிக்குச் சென்றது. நீண்ட பாவாடையுடன் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடுவது எளிதல்ல. ஆகவே பந்துடன் ஓடுவது தடைசெய்யப்பட்டது, ஆடுகளம் பகுதிகளாகப் பிரிக்கப்பட்டது, கூடைக்குப் பதில் வளையமும் வலையும் வந்தன. 1901இல் விதிகள் அச்சாகின. பெண்கள் அதிகம் ஓடக்கூடாது என்று நினைத்தவர்கள் அமைத்த ஆட்டம், பின்னர் பெண்களுக்கே உரிய ஆட்டமாக உலகெங்கும் வளர்ந்தது.

ஆங்கில ஆட்சியின் பெண்கள் பாடசாலைகள் வழியாக 1920களில் இவ்வாட்டம் இலங்கைக்கு வந்தது. அவுஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் 1970 வரை இதனைப் ‘பெண்கள் கூடைப்பந்து’ என்றே அழைத்தார்கள். 1956இல் இங்கிலாந்து செல்லும் வழியில் அவுஸ்திரேலிய அணி இலங்கையில் ஆடியது. நாட்டுக்கு நாடு வேறுபட்டிருந்த விதிகளை ஒன்றாக்குவதற்குப் பல நாட்டுப் பிரதிநிதிகள் 1960இல் கூடிய இடமும் இலங்கைதான். 1963இல் இங்கிலாந்தின் ஈஸ்ட்போர்ன் நகரில் முதலாவது உலகப் போட்டி நடந்தபோது, பங்குபற்றிய 11 அணிகளில் இலங்கையும் ஒன்று. ஆகவே நாம் இந்த ஆட்டத்துக்குப் பிந்தி வந்தவர்கள் அல்லர். எமது நாடு தொடக்கத்திலிருந்தே அங்கே நின்றது.

காற்றும் கடலும்

தீவகத்தில் வலைப்பந்து ஆடுவதென்றால் எதிரணிக்கு முன் காற்றோடு ஆடவேண்டும். சோளகக் காலத்தில் வளையத்துக்கு நேரே எறிந்த பந்து வேலிக்கு நேரே போகும். எமது ஆடுகளம் மணல் தரை. காலையில் போட்ட சுண்ணாம்புக் கோடு மத்தியானத்தில் இராது. “கோடு எங்கே பிள்ளை?” என்று நடுவர் கேட்பதும், “உங்கட காலுக்குக் கீழே ரீச்சர்” என்று நாம் சொல்வதும் வழக்கம்.

அடுத்தது கடல். காரைநகர்ப் பக்கமிருந்து வருபவர்கள் பாதையில் ஏறி ஊர்காவற்றுறைக்கு வரவேண்டும். நயினாதீவுப் பிள்ளைகளும் நெடுந்தீவுப் பிள்ளைகளும் குறிகட்டுவான் துறைக்கு வந்து, அங்கிருந்து பஸ் பிடிக்க வேண்டும். அதிலும் நெடுந்தீவுக்காரர் ஏறத்தாழ ஒரு மணி நேரம் கடலில் ஆடி அசைந்து வந்து, தலைச்சுற்றோடு ஆடுகளத்தில் இறங்குவார்கள். இறுதிப் போட்டி பிந்தினால் கடைசி லோஞ்ச் போய்விடும். அரையிறுதியில் வென்றுவிட்டு, இறுதி ஆட்டம் ஆடாமல் துறைக்கு ஓடிய பிள்ளைகளை நாம் பார்த்திருக்கிறோம். அந்த ஆண்டுப் பதிவேட்டில் அவர்கள் தோற்றவர்களாகத்தான் இருப்பார்கள்.

பிறகு போர் வந்தது. 1990இல் தீவகத்து ஊர்கள் பல வெறுமையாகின. குடாநாட்டிலும் வன்னியிலும் கொழும்பிலும் கடல் கடந்தும் நாம் சிதறினோம். பாடசாலைகள் இடம்மாறி, மாலை நேர வகுப்புகளாக நடந்தன. வளையக் கம்பத்தைச் சுமந்துகொண்டு இடம்பெயர்ந்தவர் எவருமில்லை.

ஆயினும் எல்லாவற்றையும் காற்றின் மேலும் கடலின் மேலும் போரின் மேலும் போட்டுவிட முடியாது. எம்மைப் பெரும்பாலும் நிறுத்தியது வீட்டுக்குள் ஒலித்த ஒரு சொல்: “இனிப் போதும்.” சாதாரணதரப் பரீட்சை வருகிறது, போதும். பெரிய பிள்ளையாகிவிட்டாய், போதும். வெயிலில் கறுத்துவிடுவாய், போதும். கேட்டு வருகிறார்கள், போதும். சொன்னவர்கள் எம்மில் அன்பு கொண்டவர்களே. பின்னாளில் அதே சொல்லை நாமும் எமது பிள்ளைகளுக்குச் சொல்லியிருக்கிறோம் என்பதையும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும்.

புன்னாலைக்கட்டுவன் பிள்ளை

“போதும்” என்ற சொல்லுக்கு நிற்காத ஒரு பெண்ணின் வரலாறு எமக்கு மிக அருகிலேயே இருக்கிறது. யாழ்ப்பாணம் புன்னாலைக்கட்டுவனைச் சேர்ந்த தர்ஜினி சிவலிங்கம் தீவகத்தவர் அல்லர். ஆனால் எம்மைப் போலவே போருக்குள் படித்து வளர்ந்தவர். அவரது உயரம் ஆறடி பத்து அங்குலம், அதாவது 208 சென்ரிமீற்றர்.

எமது ஊர்களில் ஒரு பெண்பிள்ளை ஐந்தே முக்கால் அடி வளர்ந்தாலே தாய்க்கு நித்திரை வராது. “மாப்பிள்ளை எங்கே தேடுவது?” என்று உறவினர் கேட்பார்கள். வகுப்பில் பின்வாங்கு, படத்தில் பின்வரிசை, தெருவில் குனிந்த நடை. அப்படியிருக்க ஆறடி பத்து அங்குலப் பெண் எத்தனை பார்வைகளையும் பேச்சுகளையும் கடந்திருப்பார் என்பதை எவரும் எமக்கு விளக்க வேண்டியதில்லை.

மட்டக்களப்பில், கிழக்குப் பல்கலைக்கழகத்தில் படித்த காலத்தில்தான் அவரது வலைப்பந்தாட்டம் வேர் பிடித்தது. இந்த இடத்தை எமது வாசகியர் கவனிக்க வேண்டும். எம்மில் பலருக்கு எந்த வயதில் ஆட்டம் முடிந்ததோ, அந்த வயதில்தான் அவருக்கு அது ஆரம்பமாகியது. அங்கிருந்து தேசிய அணிக்குச் சென்றார். சிங்களம் பேசும் சக வீராங்கனைகளின் நடுவே, வடக்கிலிருந்து வந்த தமிழ்ப் பெண்ணாக இலங்கைச் சீருடை அணிந்தார்.

2009இல் இலங்கை அணி ஆசியக் கிண்ணத்தை வென்றது. வளையத்தின் கீழ் நின்றவர் தர்ஜினி. அந்த ஆண்டு எமது மக்களுக்கு எத்தகைய ஆண்டு என்பதை நாம் இங்கே விரிக்கப் போவதில்லை. மகிழ்வதா அழுவதா என்று தெரியாமல் பத்திரிகையில் அவரது படத்தைப் பார்த்தவர்கள் எம்மிடையே உள்ளனர். பின்னர் அவர் தேசிய அணியின் தலைவியாகவும் விளங்கினார். அவுஸ்திரேலியாவின் விக்டோரியா மாநில லீக்கில், மெல்பேர்ணைச் சேர்ந்த சிற்றி வெஸ்ற் ஃபல்கன்ஸ் கழகத்துக்கும் ஆடினார்.

“அந்த உயரம் இருந்தால் யாரும் போடலாம்” என்று சொல்வோர் உண்டு. ஆடியவர்களுக்குத் தெரியும், அது அப்படியல்ல. வளையம் பத்து அடி உயரத்தில், பின்பலகை இன்றி நிற்கிறது. எறிதவறினால் பலகையில் பட்டு உள்ளே விழாது. பந்து கைக்கு வந்து மூன்று விநாடிக்குள் அதை விடவேண்டும். பந்தோடு ஓட முடியாது. தடுப்பவர் சற்றுத் தள்ளி நின்று கையை நீட்டலாம். பந்து வரும் முன் அவர் தோளோடு தோள் நின்று இடம் பிடித்துக்கொள்வார். அத்தனைக்கும் நடுவே காலூன்றி நின்று, உயர வரும் பந்தை எடுத்து, கை நடுங்காமல் விடவேண்டும். நடுக்கள வீராங்கனை பந்தைச் சரியான உயரத்தில் கொடுக்காவிட்டால் எவ்வளவு உயரமான எறிவீராங்கனையும் வெறும் கம்பம்தான். உயரம் பிறப்பில் கிடைத்தது. மற்ற அனைத்தும் நாள்தோறும் ஆடிப் பெற்றவை.

வயது அவரை நிறுத்தும் என்று பலர் நினைத்தனர். 2018இல் சிங்கப்பூரில் நடந்த ஆசியக் கிண்ண இறுதியில் இலங்கை 69–50 என்று சிங்கப்பூரை வென்றபோது தர்ஜினி மீண்டும் அணியில் இருந்தார். அந்த அணியில் எழிலேந்தினி சேதுகாவலர் என்ற இன்னொரு தமிழ்ப் பெண்ணும் இடம்பெற்றார். அடுத்த ஆண்டு லிவர்பூலில் உலகக் கிண்ணம். நாற்பது வயதில், உலகின் தலைசிறந்த எறிவீராங்கனைகள் எல்லோரையும் முந்தி, 348 கோல்களுடன் அந்தப் போட்டியிலேயே அதிக கோல் போட்டவர் அவர். 2022இல் இலங்கை மீண்டும் ஆசியக் கிண்ணத்தை வென்றது. எமது குழுப் படங்களில் பதினெட்டு வயதில் ‘ஓய்வு பெற்ற’ பெண்கள், நாற்பது வயதில் என்ன செய்துகொண்டிருந்தோம் என்று ஒரு கணம் நினைத்துப் பார்க்கலாம்.

கடலுக்கு அக்கரையில்

பாக்குநீரிணைக்கு அக்கரையிலும் இதை ஒத்த வரலாறு ஒன்று உண்டு. சென்னையைச் சேர்ந்த அனிதா பால்துரை கூடைப்பந்தாட்டத்தில் ‘கார்ட்’ இடத்தில் ஆடியவர். வளையத்தின் கீழ் நிற்பவர் அல்லர், பந்தைக் கொண்டு வந்து ஆட்டத்தை நடத்துபவர். 2001இல் இந்திய அணிக்குள் வந்த அவர் 19 வயதில் அணித்தலைவியானார். தாயான பின்னர் மீண்டும் களமிறங்கி, 2017 வரை நாட்டுக்காக ஆடினார். 2021இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது அளித்தது. அவரது ஆட்டத்தின் பின்னால் தென்னக இரயில்வே நின்றது. விளையாட்டுக்காக வேலை, வேலையோடு விளையாட்டு என்ற ஏற்பாடு அங்கே பல பெண்களைத் தாங்கியது.

இருவரையும் சேர்த்துப் பார்க்கும்போது ஒன்று தெளிவாகிறது. திறமை மட்டும் இவர்களை உருவாக்கவில்லை. பாடசாலைக்குப் பிறகும் ஓர் ஆடுகளம் இருந்தது. ஒருவருக்குப் பல்கலைக்கழகம், மற்றவருக்கு இரயில்வே. எமது பிள்ளைகளுக்கோ பாடசாலைப் படலை சாத்தப்பட்டதும் ஆடுகளமும் சாத்தப்பட்டது. எம்மிடையே தர்ஜினிகள் பிறக்கவில்லை என்று எவரும் சொல்ல முடியாது. பிறந்தவர்களை நாம் பின்வரிசையில் நிறுத்திப் படம் எடுத்துவிட்டு வீட்டுக்கு அனுப்பினோம்.

இனிச் செய்யக்கூடியது

நூற்றாண்டில் நன்கொடைகள் பல வரும். கட்டடம் எழும், பெயர்க்கல் பதிக்கப்படும். அவை வேண்டியவையே. அவற்றோடு சிறிய வேண்டுகோள்கள் மூன்றை உலகெங்குமுள்ள எமது சகோதரிகள் முன் வைக்கிறோம். முதலாவது, போட்டி நாளில் பிள்ளைகள் லோஞ்சுக்கு ஓடாமல் தங்கி ஆடுவதற்கு இடமும் சாப்பாடும் போக்குவரத்தும். இரண்டாவது, பாடசாலையை விட்டு விலகிய பெண்களும் வந்து ஆடுவதற்குக் கிழமையில் ஒரு மாலை, எமது ஆடுகளத்தில், எமது சங்கத்தின் பெயரில் ஓர் அணி. மூன்றாவதற்குக் காசு வேண்டாம். பேத்தி பந்தோடு வெளிக்கிடும்போது “போதும்” என்று சொல்லாதிருப்பது.

மெல்பேர்ணிலும் லண்டனிலும் ரொறன்ரோவிலும் எமது பழைய மாணவிகளின் பிள்ளைகள் உள்ளரங்குகளில், வழுக்காத தரையில், காற்றில்லாமல் ஆடுகிறார்கள். அவர்களின் தாய்மார் ஓரத்தில் நின்று கைதட்டுகிறார்கள். அந்தக் கைதட்டல் ஊரிலுள்ள பிள்ளைக்கும் கேட்க வேண்டும்.

இந்த மலருக்கென இவ்வாண்டு வலைப்பந்தாட்டக் குழுவின் படம் எடுத்தபோது, வழமைபோல உயரமான பிள்ளை தானாகவே பின்னுக்குப் போய், சற்றே முழங்காலை மடித்து நின்றாள். “நிமிர்ந்து நில் பிள்ளை” என்று ரீச்சர் சொன்னார். நிமிர்ந்தாள். படத்தைப் பாருங்கள்.