சட்டம் கேட்ட டாம் வில்ஸ்

1858 ஜூலை 10 அன்று மெல்பர்ன் நகரின் விளையாட்டு இதழான 'பெல்ஸ் லைஃப் இன் விக்டோரியா'வில் ஒரு கடிதம் வெளியானது. கிரிக்கெட் பருவம் முடிந்துவிட்டது, குளிர்காலம் முழுக்க ஆட்டக்காரர்கள் சும்மா இருந்தால் உடம்பு கெட்டுவிடும், ஆகவே கால்பந்துக் கழகம் ஒன்றைத் தொடங்கி, மூன்று பேரோ அதற்கு மேலோ உட்கார்ந்து அதற்குச் சட்டம் எழுதட்டும் என்பதுதான் விஷயம். ஆட்கள் மிதித்து ஓடினால் மைதானத்துப் புல்தரை உறுதிப்படும் என்று ஒரு உபகாரணமும் சேர்த்திருந்தார். கீழே கையெழுத்து: டி. டபிள்யூ. வில்ஸ்.

எழுதியவருக்கு வயது 22. விக்டோரியா காலனியின் பெயர்பெற்ற கிரிக்கெட் வீரர். அவருடைய தாத்தா வழிப்பறிக் குற்றத்துக்காக இங்கிலாந்திலிருந்து நாடுகடத்தப்பட்ட கைதி. அப்பா ஹொரேஷியோ வில்ஸ் பெரும் ஆட்டுப்பண்ணை முதலாளி. மேற்கு விக்டோரியாவின் அந்தப் பண்ணையில் டாம் ஜாப் வுரங் பூர்வகுடிப் பிள்ளைகளோடு ஓடியாடி வளர்ந்தார். அவர்கள் மொழி பேசுவார், பாட்டும் ஆட்டமும் அத்துபடி. 14 வயதில் அப்பா அவரைக் கப்பலேற்றி இங்கிலாந்தின் ரக்பி பள்ளிக்கு அனுப்பினார். அங்கே கிரிக்கெட் அணிக்குக் கேப்டனாகி, அந்தப் பள்ளியின் முரட்டுக் கால்பந்தையும் கற்றுக்கொண்டு 1856 கடைசியில் ஊர் திரும்பினார்.

கடிதத்துக்குப் பலன் உடனே கிடைத்தது. ஆகஸ்ட் 7-ல் ஸ்காட்ச் கல்லூரியும் மெல்பர்ன் கிராமர் பள்ளியும் மோதின. ஒரு பக்கத்துக்கு 40 பேர். நடுவர்களில் ஒருவர் வில்ஸ். இன்னொருவர் ஜான் மெக்காடம் என்ற வேதியியல் ஆசிரியர். இன்று கடைகளில் விலை உயர்ந்து கிடக்கும் மக்கடாமியா கொட்டைக்கு இவர் பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள். ஆட்டம் மூன்று நாள், அதுவும் இரண்டு இரண்டு வார இடைவெளியில் நடந்தது. அணிக்கொரு கோல், டிரா.

அடுத்த ஆண்டு மே 17-ல், கிழக்கு மெல்பர்னின் பரேட் ஹோட்டலில் வில்ஸும் வேறு சிலரும் கூடினார்கள். வில்லியம் ஹேமர்ஸ்லியும் ஜேம்ஸ் தாம்ப்சனும் கேம்பிரிட்ஜ்காரர்கள், பத்திரிகையில் எழுதுகிறவர்கள். தாமஸ் ஸ்மித் பள்ளி ஆசிரியர், அயர்லாந்துக்காரர். ரக்பி பள்ளியின் விதிகளையே வைத்துக்கொள்ளலாம் என்றார் வில்ஸ். அந்த விதிகள் அவரைத் தவிர வேறு யாருக்கும் புரியவில்லை என்று ஹேமர்ஸ்லி பிற்பாடு நினைவுகூர்ந்தார். எதிராளியின் முழங்காலுக்குக் கீழே எட்டி உதைப்பது ரக்பியில் சகஜம். மறுநாள் வேலைக்குப் போக வேண்டிய பெரியவர்களுக்கு அது கட்டுப்படியாகாது. ஆகவே பிற்பாடு ஆஸ்திரேலியக் கால்பந்தாக வளர்ந்த ஆட்டத்துக்குப் பத்தே விதிகள் எழுதினார்கள். காலை இடறி விடலாம், தள்ளலாம். எட்டி உதைக்கக் கூடாது. பந்துக்கு முன்னால் போய் நிற்பதைத் தடுக்கும் ஆஃப்சைடு பற்றி ஒரு வார்த்தையும் கிடையாது.

சட்டம் வேண்டும் என்று கேட்டவர் கேட்ட சட்டம் கிடைக்கவில்லை. ஆனால் விட்டுப்போன ஆஃப்சைடின் லாபத்தை எல்லோருக்கும் முன்னால் கண்டுகொண்டவர் அவர்தான். கூட்டமாகப் பந்தை மொய்ப்பதே வழக்கமாக இருந்த காலத்தில், 1860-ல் ஓர் ஆட்டத்தில் தன் ஆட்களை மைதானம் நெடுகப் பிரித்து நிறுத்தினார். விதியை எழுதுவதைவிட அதன் சந்துபொந்தைப் பார்ப்பதில்தான் அவர் மூளை வேலை செய்தது என்று தோன்றுகிறது.

1861-ல் அப்பாவோடு ஆட்டு மந்தையை ஓட்டிக்கொண்டு குயின்ஸ்லாந்துக்குப் போனார். அக்டோபர் 17 அன்று கல்லின்-லா-ரிங்கோ பண்ணையில் பூர்வகுடியினர் தாக்கி ஹொரேஷியோ உட்பட 19 பேரைக் கொன்றார்கள். சாமான் வாங்கப் போயிருந்ததால் டாம் தப்பினார். அக்கம்பக்கத்து வெள்ளையர்கள் பூர்வகுடியினரைச் சுட்டதற்குப் பழி என்பதே பலரின் கணிப்பு. பதிலுக்கு வெள்ளையர்கள் நடத்திய வேட்டையில் செத்த பூர்வகுடியினர் அதைவிடப் பல மடங்கு. அதில் டாமும் இருந்தார் என்று சொல்லும் 1895-ஆம் ஆண்டின் சிகாகோ நாளிதழ்க் கட்டுரையொன்று 2021-ல் வெளிச்சத்துக்கு வந்தது. அதை எவ்வளவு நம்பலாம் என்று ஆய்வாளர்கள் இன்னும் வாதாடுகிறார்கள்.

இதே மனிதர்தான் ஐந்தாண்டு கழித்து மேற்கு விக்டோரியாவின் பூர்வகுடி இளைஞர்களுக்குக் கிரிக்கெட் சொல்லிக்கொடுத்தார். சிறுவயதில் கற்ற மொழி அப்போது கைகொடுத்தது. 1866 டிசம்பர் 26 அன்று மெல்பர்ன் கிரிக்கெட் மைதானத்தில் ஆயிரக்கணக்கானோர் முன்னிலையில் அவர்களைத் தலைமையேற்று இறக்கினார். அந்த அணியின் ஜானி முல்லா உள்ளிட்டோர் 1868-ல் இங்கிலாந்து போய் 47 ஆட்டங்கள் ஆடினார்கள். அந்தக் கப்பலில் வில்ஸ் இல்லை. கேப்டனாகப் போனவர் சார்லஸ் லாரன்ஸ்.

பிறகு குடியும் கடனும். 1880 மே 2-ல் மெல்பர்னை ஒட்டிய ஹைடல்பர்க்கில் வில்ஸ் தன் உயிரை மாய்த்துக்கொண்டார், வயது 44. கௌரவமான குடும்பத்துக்கு அது அவமானம். அடையாளமில்லாமல் கிடந்த கல்லறைக்குக் கல் வைக்க நூறு ஆண்டு ஆயிற்று. 'கால்பந்தின் தந்தை' பட்டம் அவருடைய உறவுக்காரரும், பிற்பாடு தங்கையின் கணவருமான ஹெச். சி. ஏ. ஹாரிசனுக்குப் போனது. 1866-ல் விதிகளைத் திருத்தியவர் ஹாரிசன். நீண்ட ஆயுள், நல்ல பெயர். பட்டம் கொடுக்க வசதியான ஆள்.

இப்போதைய சண்டை வேறு. போஸம் தோலில் செய்த பந்தை உதைத்து, எம்பிப் பிடிக்கும் மார்ன்குரூக் என்ற பூர்வகுடி ஆட்டம் மேற்கு விக்டோரியாவில் இருந்தது. வில்ஸ் அதிலிருந்து எடுத்தாரா? அவர் கடிதங்களிலும் 1859 விதிகளிலும் அதற்குத் தடயம் இல்லை. அதற்காக அவர் அதைப் பார்த்ததே இல்லை என்று சொல்லிவிடவும் முடியாது. அவர் வளர்ந்த இடம் அப்படி. 2008-ல் ஆஸ்திரேலியக் கால்பந்து லீக் வெளியிட்ட வரலாற்று நூலின் கட்டுரை ஒன்று இந்தத் தொடர்பைக் கட்டுக்கதை என்று ஒதுக்கியது. 2019-ல் அதே லீக், தன் ஆட்டத்தின் பிறப்பில் பூர்வகுடி ஆட்டங்களின் சாயல் உண்டு என்று ஒப்புக்கொண்டது.